மறுமொழி: வெப்பப்புள்ளியா, அடியுலையா?

வணக்கம்.

புவியின் ஆழத்திலிருந்து வெப்பம் எழுந்து எரிமலைகளை உண்டாக்கும் இடத்தை ஆங்கிலத்தில் ஹாட்ஸ்பாட் என்கிறார்கள். அதற்குத் தமிழில் 'வெப்பப்புள்ளி' என்ற சொல்லே போதும் என்று இங்கே ஐயா ஒருவர் எழுதியிருக்கிறார்கள். எனக்கு மனம் ஒப்பவில்லை. இங்கே மொரீஷியஸில் பிரெஞ்சுப் பாடநூல் 'புவான் ஷோ' என்கிறது. அதை அப்படியே பெயர்த்து வைத்ததுதான் வெப்பப்புள்ளி. புள்ளி என்றால் கோலப்புள்ளி நினைவுக்கு வரும். நாம் பேசுவதோ கடலடியிலிருந்து தீவுகளையே எழுப்பும் நெருப்பு.

சென்ற வாரம் என் வகுப்பைக் கியூர்பிப் நகரில் உள்ள த்ரூ ஓ செர்ஃப் எரிமலைவாய்க்கு அழைத்துச் சென்றேன். விளிம்பில் நின்று பார்த்தால் உள்ளே மரங்கள் அடர்ந்திருக்கின்றன. அடியில் சேறும் கொஞ்சம் நீரும். ஒரு சிறுமி வழியில் எடுத்த கருங்கல்லைக் காட்டினாள். கல்லெங்கும் கடுகளவு துளைகள், எரிகுழம்பிலிருந்து வாயு வெளியேறிய தடம். கரும்புத் தோட்டங்களில் நம் முன்னோர் பொறுக்கிக் குவித்த கற்களும் இதே இனம்தான். "நெருப்பு எங்கே போயிற்று?" என்று கேட்டாள்.

நெருப்பு இருந்த இடத்திலேயே இருக்கிறது, நம் தீவுதான் நகர்ந்துவிட்டது என்றேன். ஏறத்தாழ 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் தக்காணத்தில் எரிகுழம்பைக் கொட்டியதும் அதே நெருப்புத்தான். பிறகு அது எழுப்பியவை மாலத்தீவுகளின் அடித்தளம், சாகோஸ் தீவுகள், ஏறத்தாழ 80 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் மொரீஷியஸ். மேலே புவித்தட்டு நகர, இப்போது அந்த நெருப்பு பக்கத்துத் தீவான ரெயூனியனுக்குக் கீழே இருக்கிறது. அங்கே 3,070 மீட்டர் உயரமுள்ள பிட்டோன் தெ நேஜ் எரிமலை அடங்கிக் கிடக்கிறது. 2,632 மீட்டர் உயரமுள்ள பிட்டோன் தெ லா ஃபுர்னேஸ் பெரும்பாலான ஆண்டுகளில் பொங்குகிறது. 2007 ஏப்ரலில் அதன் உச்சிப் பள்ளத்தின் தரை 300 மீட்டருக்கும் மேல் உள்ளே இறங்கியது.

பிரெஞ்சில் 'ஃபுர்னேஸ்' என்றாலே உலைதான். மக்கள் மலைக்குச் சூட்டிய பெயரிலேயே நமக்கு வேண்டிய சொல் இருக்கிறது. ஆகவே 'அடியுலை' என்கிறேன்.

உலை என்றால் அணு உலையோடு குழம்புமே என்று இங்கே அம்மையார் ஒருவர் கேட்டிருந்தார்கள். கொல்லன் உலையும் சோற்றுலையும் நம் வாயில் ஒன்றோடொன்று குழம்பியதில்லை. முன்னால் நிற்கும் சொல் பிரித்துக் காட்டிவிடும். புள்ளிக்கு இல்லாத இன்னொரு வசதியும் உண்டு. உலை நிலையாக இருக்கும், அதன் மேல் வைப்பது மாறும். அந்தச் சிறுமிக்கு இதற்கு மேல் விளக்கம் தேவைப்படவில்லை.

தொடர்சொற்களும் எளிதாக அமைகின்றன: அடியுலைத் தீவு, அடியுலைத் தடம். ஆழத்திலிருந்து அடியுலைக்குச் சூடேற்றி எழும் பாறைத் தண்டுக்குத்தான் இன்னும் சொல் வாய்க்கவில்லை. 'அனல்தண்டு' என்று எழுதிப் பார்த்தேன். வேறு யாரிடமாவது இதைவிட நல்ல சொல் இருந்தால் எழுதுங்கள்.