நான்கு கோப்பைகள் யாருடையவை?

கடற்காற்று:
நேற்று இங்கே ஒருவர் எழுதியிருக்கிறார்: 2004, 2005, 2006, 2009 ஆண்டுகளில் அயர்லாந்தின் கெரி கவுண்டியில் (மாவட்டத்தில்) கேலிக் கால்பந்துக் கோப்பையை வென்றது கஹர்சிவீன் ஊராம்! படித்ததும் பற்றிக்கொண்டு வந்தது. வென்றது தெற்குக் கெரி. சிறிய கிளப்புகளின் ஆட்டக்காரர்கள் சேர்ந்து ஆடும் வட்டார அணி அது. கஹர்சிவீனின் செயின்ட் மேரிஸ் கிளப் அதில் ஒரு பங்காளி, அவ்வளவுதான்.

மேரிஸ்_மைந்தன்:
எழுதியது நான்தான். ஒளிந்துகொள்ளவில்லை. கவுண்டிக் கோப்பையை வென்றவர்கள்தான் மறு ஆண்டு கெரி அணிக்குக் கேப்டனைத் தருவார்கள். 2010இல் கேப்டன் யார்? பிரையன் ஷீஹன். எந்த ஊர்? கோப்பையும் அந்த ஊருக்குத்தான்.

கடற்காற்று:
அருமையான கணக்கு. 2007இல் கெரி கேப்டனாக அகில அயர்லாந்துப் பட்டத்துக்கான சாம் மக்வயர் கோப்பையைத் தூக்கியவர் டெக்லன் ஓசல்லிவன், டிரோமிட் பியர்ஸஸ் கிளப்புக்காரர். அப்படியென்றால் 2006 கோப்பையை இன்றைக்கே பார்சல் கட்டி டிரோமிட்டுக்கு அனுப்பிவிடுங்கள். தபால் செலவை நான் தருகிறேன்.

மேரிஸ்_மைந்தன்:
டிரோமிட்காரர்கள் ஒரு சாமான் வாங்கவும் எங்கள் ஊருக்குத்தான் வரவேண்டும்.

கடற்காற்று:
கடைத்தெரு வைத்திருப்பவனுக்குத்தான் கோப்பையா? நன்றாயிருக்கிறது. மன்ஸ்டர் மாகாணக் கிளப் போட்டிக்கு வட்டார அணி போக முடியாது. ஏன்? அது கிளப் இல்லை. அது வென்ற நான்கு கோப்பைகளும் எந்த ஒரு கிளப்புக்கும் சொந்தமில்லை.

போர்ட்மகீ_படகு:
2009இல் எங்கள் ஸ்கெலிக் ரேஞ்சர்ஸ் கிளப், சிறிய கிளப்புகளுக்கான அகில அயர்லாந்து ஜூனியர் பட்டம் வென்றது. அதைக் கஹர்சிவீன் இன்னும் தன் கணக்கில் எழுதிக்கொள்ளவில்லையே, ஆச்சரியம்தான்.

மேரிஸ்_மைந்தன்:
ஜூனியர் பட்டத்துக்கு இவ்வளவு ஆட்டமா? அதை 2011இல் நாங்களும் வென்றோம். 2016இல் டப்ளினின் குரோக் பார்க் மைதானத்தில் நாங்கள் வென்றது இடைநிலைப் பட்டம். ஒரு படி மேல்.

கடற்காற்று:
அந்த இரண்டும் உங்களுடையவை. யார் மறுத்தார்கள்? இதைத்தான் முதலிலிருந்து சொல்கிறேன். சொந்தமாக இரண்டு நகை இருக்கும்போது பொதுப் பெட்டிக்குள் ஏன் கை விடுகிறீர்கள்?

டிங்கிள்_விரிகுடா:
வேடிக்கை பார்க்க வந்தேன். மேரிஸ் பெருமை பேசும் பழைய ஆட்டக்காரர் ஜாக் ஓஷே பிறகு கில்டேர் கவுண்டிப் பக்கம் லீக்ஸ்லிப் ஊருக்குப் போய் அங்கேயும் ஆடினாரே, அதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

மேரிஸ்_மைந்தன்:
ஏழு அகில அயர்லாந்துப் பட்டங்கள், நான்கு முறை ஆண்டின் சிறந்த ஆட்டக்காரர். பிழைப்புக்காக ஊர் மாறினால் பிறந்த மண் மாறிவிடுமா? எங்கள் கிளப்பின் மாரிஸ் ஃபிட்ஸ்ஜெரால்ட் பெயரையாவது கேள்விப்பட்டிருக்கிறீர்களா? 2001, தர்ல்ஸ் மைதானம், கெரிக்கு எதிரில் டப்ளின் அணி. ஆட்டம் முடியும் தறுவாயில் பக்கக் கோட்டிலிருந்து உதை. கையிலிருந்து பந்தை விட்டு, வலது காலின் வெளிப்புறத்தால் தட்டினார். வெளியே போவதுபோல் போன பந்து வளைந்து திரும்பிக் கம்பத்துக்கு மேலே போனது. அப்படி ஒருவரை டிங்கிள் காட்டட்டும்.

டிங்கிள்_விரிகுடா:
அதனால் கிடைத்தது சமநிலை. மறு ஆட்டத்தில் வென்று, அரையிறுதியில் மீத் அணியிடம் கெரி உதை வாங்கியதையும் எழுதுங்கள்.

மேரிஸ்_மைந்தன்:
1997 அகில அயர்லாந்து இறுதியாட்டத்தில் மேயோ அணிக்கு எதிராக ஒன்பது புள்ளிகள் எடுத்தவரைப் பற்றிப் பேசுகிறோம். நாவை அடக்குங்கள்.

கடற்காற்று:
ஃபிட்ஸ்ஜெரால்டை நானும் கும்பிடுகிறேன். ஆனால் அந்த உதை கெரி அணிக்காக. கேள்வி தெற்குக் கெரியின் நான்கு கோப்பைகளைப் பற்றியது. பேச்சை மாற்றாதீர்கள்.

போர்ட்மகீ_படகு:
கடற்காற்று ஐயா, நீங்கள் எந்த கிளப்? இதுவரை சொல்லவே இல்லையே. வலென்ஷியா தீவுக்காரர் என்று சந்தேகம்.

மேரிஸ்_மைந்தன்:
அதுதானே பார்த்தேன்! பழைய கெரி நட்சத்திரம் மிக் ஓகானலின் தீவு என்ற மிதப்பு இன்னும் இறங்கவில்லை.

கடற்காற்று:
நான் எந்தத் தீவாகவும் இருந்துவிட்டுப் போகிறேன். 2004. 2005. 2006. 2009. தெற்குக் கெரி.

மேரிஸ்_மைந்தன்:
கஹர்சிவீன்.