பை கொண்டு வருகிறேன் என்று சொன்னதுதான் தப்பு

கீழக்கரை மருமகள்:

இதை எங்காவது இறக்கி வைத்தால்தான் மனசு ஆறும் போல. போன வருட நோன்புப் பெருநாள். நான் இருப்பது ராமநாதபுரம் டவுனில், மாமி வீடு கீழக்கரையில். முந்தின நாள் போனில், "மாமி, நாளைக்கு நான் ஒரு பை கொண்டு வர்றேன், நீங்க இனிப்பு எதுவும் செய்ய வேணாம்" என்றேன். "பைக்கு இங்க என்ன பஞ்சம் புள்ள, துணிக்கடைப் பை நாலு ஆணியில தொங்குது" என்றார். அந்த இடத்திலேயே நிறுத்தியிருக்க வேண்டும்.

நான் சொன்னது தூக்குகிற பை இல்லை, அடுக்கடுக்காக வைக்கிற க்ரீம் இனிப்பு (pie). செய்முறை உங்களுக்கெல்லாம் தெரிந்ததுதான். அடியில் வெண்ணெயில் பிசைந்த மேரி பிஸ்கட் தூள், மேலே க்ரீம் சீஸ் (கொழுந்தன் சபுரிலிருந்து, அதாவது வெளிநாட்டிலிருந்து, கொண்டு வந்த டப்பா), அதன் மேல் சாக்லேட் கஸ்டர்ட், உச்சியில் அடித்த க்ரீம். அடுப்பில் வேக வைக்கிற வேலை கிடையாது. கண்ணாடித் தட்டைப் பக்கவாட்டில் பார்த்தால் நான்கு கோடு தெரியும். ராத்திரி முழுக்க ஃபிரிட்ஜில் இருந்து, காலையில் ஸ்கேல் வைத்துப் போட்ட மாதிரி இருந்தது. போட்டோகூட இருக்கிறது.

திருப்புல்லாணி தாண்டியதும் சின்னவன் வாந்தி எடுத்தான். காரை ஓரம் கட்டினோம். பங்குனி வெயில். ஏசி இல்லாமல் கால் மணி நேரம் நின்றிருப்போம், அவ்வளவுதான்.

மாமி வீட்டில் ஃபாயிலை உரித்தேன். ஓரகத்தி எட்டிப் பார்த்தாள். கோடும் இல்லை, ஒன்றும் இல்லை. ஒரே காவி நிறம், நடுவில் பிஸ்கட் தூள் மிதக்கிறது. மாமி ஒரு கரண்டி எடுத்து வாயில் வைத்தார். எதுவும் சொல்லவில்லை. உள்ளே போய்க் கண்ணாடி டம்ளர்களைக் கொண்டு வந்து வரிசையாக வைத்து மொண்டு ஊற்ற ஆரம்பித்தார். வந்தவர்களிடமெல்லாம், "மருமகப் புள்ள டவுன்ல இருந்து பாயசம் கொண்டாந்துச்சு" என்றார்.

எனக்கு மறக்காதது அந்தக் கரண்டிச் சத்தம். ஒவ்வொரு டம்ளர் விளிம்பிலும் ஒரு தட்டு, ஒரு சொட்டுகூட வீணாகாமல். என்னைக் காப்பாற்றினாரா, கேலி செய்தாரா, இன்றுவரை பிடிபடவில்லை. ஓரகத்தி சிரித்தாள். அதில் சந்தேகமே இல்லை.

பாம்பன் விசைப்படகு:

உங்களுக்குக் கரைந்ததோடு போச்சு. எனக்கு நடந்ததைக் கேளுங்கள்.

தங்கச்சிமடத்தில் அக்கா மகளுக்குப் புதுநன்மை (கோயிலில் முதல் நற்கருணை வாங்குகிற நாள்). என் வீட்டுக்காரி இதே பை செய்திருந்தாள், அன்னாசிப்பழ அடுக்கு வைத்து. வெயிலில் உருகக் கூடாதென்று நான் ஒரு யோசனை செய்தேன். ஏப்ரல் 15-லிருந்து ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம், படகு சும்மா கிடக்கிறது, படகில் மீன் வைக்கிற தெர்மாகோல் பெட்டியும் சும்மா கிடக்கிறது. நன்றாகக் கழுவினேன். சோப்புப் போட்டு, எலுமிச்சம்பழத் தோல் தேய்த்து, மூன்று முறை. ஐஸ் பரப்பி, நடுவில் தட்டை வைத்து, மூடியில் டேப் ஒட்டிக் கொண்டு போனேன். கல்லு மாதிரி நின்றது பை. ஒரு இம்மி அசையவில்லை.

பிள்ளை வெள்ளை கவுன், தலையில் பூ முடி, கையில் ஜெபமாலையோடு வந்து முதல் ஸ்பூன் எடுத்தது. மூக்கருகில் கொண்டு போனது. அப்படியே நிறுத்தி, பங்குச் சாமியார் பக்கத்தில் நிற்கும்போதே, "மாமா, இதுல கணவா மீன் போட்டிருக்கா?" என்றது.

பெட்டி வாசம் பெட்டியோடு போகும் என்று நினைத்தேன். க்ரீம் அத்தனையையும் இழுத்து வைத்திருக்கிறது. நெய், வெண்ணெய் எல்லாமே பக்கத்து வாசத்தை வாங்கும் என்று வீட்டுக்காரி அப்புறம்தான் சொல்கிறாள். முன்னாலே சொல்லக் கூடாதா? இந்தப் பெட்டி நாத்தம் போக யாராவது வழி சொல்லுங்கள்.

சாயல்குடி சமையற்கட்டு:

கீழக்கரை மருமகள், தப்பு வெயில் மேல் இல்லை, உங்கள் மேல்தான். கோபித்துக்கொள்ளாதீர்கள். கஸ்டர்டில் எதைப் போட்டு உறைய வைத்தீர்கள் என்று எழுதவே இல்லையே. வெறும் கஸ்டர்ட் மாவு என்றால் அது கார் பயணத்துக்கு ஆகாது. ஜெலட்டின் என்றால் அது நம் உடம்புச் சூட்டிலேயே இளகும். பங்குனி வெயிலில் நிற்கிற காருக்குள் சூடு அதைத் தாண்டிவிடும். இதற்குக் கடல்பாசிதான் (அகர் அகர்) சரி. அது 85 டிகிரிக்கு மேல் போனால்தான் உருகும், 40-க்குக் கீழே இறங்கினால் தானாக உறையும். ஃபிரிட்ஜ்கூட வேண்டாம். நோன்பு திறக்கக் கடல்பாசி காய்ச்சாத வீடு உங்கள் ஊரில் உண்டா? அதை விட்டுவிட்டு டப்பா டப்பாவாக வெளியூர்ச் சாமானைத் தேடுவதுதான் எனக்குப் புரியவில்லை.

செய்வது இப்படி. அரை லிட்டர் பாலுக்கு 4 அல்லது 5 கிராம் கடல்பாசி. முதலில் ஒரு டம்ளர் தண்ணீரில் ஊற வைத்துத் தனியாகக் கொதிக்க விடுங்கள். நார் ஒன்றுகூடக் கண்ணில் படக் கூடாது. பாலையும் சூடாகவே வைத்திருங்கள். ஆறிய பாலில் ஊற்றினால் திரி திரியாகச் சுருண்டு கொள்ளும், வடிகட்டினாலும் போகாது. இரண்டையும் கலந்து, விரல் பொறுக்கிற சூட்டுக்கு வந்ததும் பிஸ்கட் மேல் ஊற்ற வேண்டும். இதில் ஒரு முக்கியமான சங்கதி, யாரும் சொல்வதில்லை: கீழ் அடுக்கு முழுசாக உறைந்த பிறகு மேல் அடுக்கை ஊற்றினால் ஒட்டவே ஒட்டாது. வெட்டும்போது ஓடு கழன்ற மாதிரி வழுக்கி விழும். தொட்டால் விரலில் லேசாக ஒட்டுகிற பதத்தில் அடுத்ததை ஊற்றுங்கள். க்ரீமில் கலப்பதாக இருந்தால் ஒரு கரண்டி க்ரீமை முதலில் பாசிக் கலவையில் விட்டு அடித்து, அப்புறம் மொத்தத்தையும் சேர்க்க வேண்டும்.

பாம்பன் அண்ணாச்சிக்கும் ஒரு வார்த்தை. பச்சை அன்னாசியோடு ஜெலட்டின் சேர்ந்தால் உறையாது, பழத்தில் இருக்கும் சத்து அதை அரித்துவிடும். பழத்தைக் கொதிக்க வைத்துச் சேர்த்தால் உறையும்.

என் அனுபவமா? மகள் பிறந்தநாளுக்குச் செய்தேன். நின்றது. அதில் சொல்ல ஒன்றுமில்லை.

பாம்பன் விசைப்படகு:

நான் கேட்டது பெட்டி நாத்தத்துக்கு வழி அக்கா. எங்கள் பை உறைந்துதான் இருந்தது.

தொண்டி ஹாஸ்டல் பையன்:

அக்கா சொல்கிற பதம் எல்லாம் எங்களுக்கு எட்டாது. நாங்கள் க்ரீம் அடிக்கிறதிலேயே மாட்டிக்கொண்டோம்.

ரூம் நண்பனுக்கு வேலை கிடைத்த சந்தோஷத்தில் ஏற்பாடு. கடையில் ஃப்ரெஷ் க்ரீம் என்று கேட்டு வாங்கினேன். நாலு பேர் மாறி மாறி அரை மணி நேரம் அடித்தோம். மோர் மாதிரியே ஆடிக்கொண்டிருந்தது. அப்புறம்தான் அட்டையைப் படித்தோம்: கொழுப்பு 25 சதவீதம். நுரை கட்டி நிற்க 30-க்கு மேலாவது வேண்டுமாம். மறுநாள் 35 சதவீதக் க்ரீம் வாங்கிக் கொண்டு வந்தோம். பீட்டரைப் போட்டதும் கரண்டு போனது. சரி, கையால் அடிப்போம் என்று ஒருத்தன் கம்பிக் கரண்டியை எடுத்தான். பழைய ஆத்திரம் வேறு. செல்போன் வெளிச்சத்தில் பதம் யாருக்குத் தெரிகிறது? ஒரு கட்டத்தில் கிண்ணத்துக்குள் 'தொப்' என்று கனமான சத்தம். வெண்ணெய் திரண்டு வரும்போது தாழி உடையும் என்பார்கள். எங்களுக்குத் தாழி உடையவில்லை, வெண்ணெய்தான் திரண்டது.

அதில் சர்க்கரை போட்டுப் பிஸ்கட்டில் தடவிச் சாப்பிட்டோம். மோசமில்லை.

பாசிக்காரி மகள்:

சாயல்குடி அக்காவுக்கு இரண்டு விஷயம். கடல்பாசி போட்டு உறைய வைத்தால் அது கடல்பாசிதான், க்ரீம் பை இல்லை. நாக்கில் வழியாது, கடித்தால் உடையும். மறுநாள் தட்டோரத்தில் தண்ணீர் விட்டு நிற்கும். இது தெரிந்து செய்தால் சரி, அதையே பெரிய வித்தையாகச் சொல்ல வேண்டாம்.

இன்னொன்று, "நம்ம ஊர்ச் சாமான்" என்று சும்மா சொல்லிவிட்டுப் போவது. எங்கள் அம்மா முப்பது வருடம் பாசி எடுத்தவர். மரிக்கொழுந்துப் பாசி பாறையில் ஒட்டி இருக்கும், கையால் பிய்த்து எடுக்க வேண்டும். விரலுக்குத் துணி சுற்றிக்கொண்டு, கண்ணுக்குக் கண்ணாடி மாட்டிக்கொண்டு, மூச்சைப் பிடித்து முங்கி எழ வேண்டும். கரையில் காய வைத்து, மண் தட்டி, எடை போட்டு வியாபாரியிடம் கொடுப்பார். அது லாரியில் ஏறி எங்கோ போகும். எங்கள் வீட்டில் கடல்பாசி காய்ச்சியதே கிடையாது. கடையில் கடல்பாசி என்று விற்கிற வெள்ளை நார் அந்தப் பாசியிலிருந்துதான் வருகிறது என்பதே எனக்குக் கல்லூரியில்தான் தெரியும்.

முதல் சம்பளத்தில் அம்மாவுக்கு இந்தப் பை செய்தேன். பால் அடுக்குக்குக் கடல்பாசிதான் போட்டேன். (ஆமாம் அக்கா, நானும் போட்டேன்.) அம்மா அடுப்பங்கரையில் உட்கார்ந்து அந்தப் பத்து கிராம் பாக்கெட்டைக் கையில் எடுத்தார். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். பின்னால் திருப்பி விலையைப் பார்த்தார். உதடு அசைந்தது, கணக்குப் போடுகிறார் என்று தெரிந்தது. "இத்தனூண்டா?" என்றார். அப்புறம் இன்னொரு தடவை திருப்பிப் பார்த்துவிட்டுப் பாக்கெட்டை மடித்து முந்தானையில் முடிந்துகொண்டார். எதற்கு என்று நான் கேட்கவில்லை.

பை நன்றாக வந்தது. ஒரு துண்டு சாப்பிட்டார். பாக்கெட் எங்கே போனது என்று தெரியவில்லை.

சாயல்குடி சமையற்கட்டு:

நான் யாரையும் குறைத்துச் சொல்லவில்லையே அம்மா. தண்ணீர் விடுகிறது என்றால் பாசி குறைஞ்சுபோச்சு என்று அர்த்தம், 5 கிராமே போடுங்கள்.

ராமேஸ்வரம் தெற்குத் தெரு:

உறைய வைக்கவே எதுவும் வேண்டாம் என்கிறேன். கன்டென்ஸ்டு மில்க் 400 கிராம் டப்பாவுக்கு நடுத்தர எலுமிச்சை நாலு பிழிந்து கிண்டுங்கள். புளிப்புப் பட்டதும் பால் தானாக இறுகும். தயிர் தோய்கிற அதே கதைதான். ஃபிரிட்ஜில் நாலு மணி நேரம். வெயிலில் இதுவும் தளரும், ஆனால் மாமி டம்ளரில் ஊற்றுகிற அளவுக்குப் போகாது.

என் சறுக்கல் வேறு. தங்கச்சி வளைகாப்புக்கு நம்ம பக்கத்துக் கருப்பட்டியில் ஒரு அடுக்கு வைக்கலாம் என்று ஆசைப்பட்டேன். பனங்காட்டு ஊரில் சாக்லேட் எதற்கு என்ற திமிர். பால் கொதித்துக்கொண்டிருக்கும்போதே சூடான பாகை ஊற்றினேன். அகப்பையைத் தூக்கினால் திப்பி ஒரு பக்கம், கலங்கல் தண்ணீர் ஒரு பக்கம். இரண்டும் ஆறிய பிறகு சேர்த்திருக்க வேண்டும். கூடத்தில் வளையல் அடுக்குகிற சத்தம் கேட்கிறது, நான் சட்டியைப் பார்த்துக்கொண்டு நிற்கிறேன். அப்பத்தா வந்து எட்டிப் பார்த்து, "கிண்டுடா, கோவா ஆயிரும்" என்று அகப்பையைப் பிடுங்கிக்கொண்டது. கோவாதான் பரிமாறினோம்.

கீழக்கரை மருமகள்:

எல்லோருக்கும் நன்றி. சாயல்குடி அக்கா, நான் ஜெலட்டின் போடவில்லை. மாட்டெலும்பா, வேறெதுவா என்று அட்டையில் எழுதாத பொடியைப் பெருநாளுக்கு எப்படிப் போடுவேன்? கஸ்டர்ட் மாவை மட்டும் நம்பினேன். அது என் தப்புதான், ஒத்துக்கொள்கிறேன்.

இதை எழுதக் காரணம் ஒன்று இருக்கிறது. நேற்று மாமி போன் செய்தார். இந்தப் பெருநாளைக்கு என்ன கொண்டு வர்றே என்று கேட்டுவிட்டு, நான் வாயைத் திறக்கும் முன்னாலேயே, "அந்தப் பாயசமே கொண்டா புள்ள, உங்க மாமா கேட்டுக்கிட்டே இருக்காஹ" என்றார். பக்கத்தில் ஓரகத்தி குரல் கேட்டது. இப்போது நான் நாலு அடுக்கும் நிற்கிற மாதிரி செய்துகொண்டு போனால் மாமாவுக்கு ஏமாற்றம். கலக்கியே கொண்டு போனால் நானே ஒப்புக்கொண்ட மாதிரி. என் மாப்பிள்ளையிடம் (கணவர்தான்) கேட்டால், "ரெண்டும் ஒரே வயித்துக்குத்தானே போகுது" என்கிறார்.

தொண்டி ஹாஸ்டல் பையன்:

கலக்காமல் கொண்டு போங்கள் அக்கா. திருப்புல்லாணியில் கால் மணி நேரம் காரை நிறுத்துங்கள்.

பாம்பன் விசைப்படகு:

பெட்டிக்கு?

பாசிக்காரி மகள்:

மூடியைக் கழற்றி மொட்டை மாடியில் ஒரு வாரம் காயப் போடுங்கள் அண்ணே. அப்புறமும் மீன் மட்டும் வையுங்கள்.