புதுப்பிப்பு: அப்பா தானே சேர்ட் போடுகிறார்

பக்கவாதத்துக்குப் பிறகு, நான் உடுப்பு மாற்றிவிட்டால் அப்பா முகத்தைத் திருப்பிக்கொள்கிறார் என்று போன மாதம் இங்கே எழுதியிருந்தேன். பதில் சொன்ன எல்லாருக்கும் நன்றி.

நீங்கள் சொன்னபடி, அன்றாட வேலைகளைத் தானே செய்யப் பழக்கிவிடுகிற தொழில்வழி சிகிச்சையாளரிடம் போனோம். கதிரையில் இருந்துகொண்டு, போடும்போது ஏலாத கை முதலில். கழற்றும்போது நல்ல கை முதலில். இவ்வளவுதான், எங்களுக்குத் தெரியாமல் போச்சு! வெள்ளவத்தையில் எங்கட தையல்காரர் தெறிகளை வெளியே அழகுக்கு விட்டு, உள்ளே வெல்க்ரோ வைத்துத் தந்தார்.

முதல் நாள் இருபது நிமிடம். உதவப்போன என் கையை அப்பா தட்டிவிட்டார். கடைசியில் கொலரைத் தடவிச் சரிபார்த்துவிட்டு, "தேத்தண்ணி போடு பிள்ளை" என்றார். குசினிக்குள் போய் அழுதேன்.

சாரத்துக்கு இலாஸ்டிக் வைக்கமட்டும் விடுகிறாரில்லை. ஒற்றைக் கையால் சாரம் கட்டிப் பழகினவர்கள் இருந்தால் சொல்லுங்கோ.