கடன் சங்கம் பிறந்த வெஸ்டர்வால்ட் கிராமங்கள்

சங்க உறவுகள் அனைவருக்கும் வணக்கம்.

வெளிநாடுகளில் இருக்கும் நாம் கொடுத்துவரும் ஊர் உதவி நிதியை நன்கொடையாகவே தொடர்வதா, அல்லது ஊரிலுள்ள குடும்பங்களையும் உறுப்பினராக்கி, திரும்பி வரும் பணத்தை மறுபடியும் கடனாகக் கொடுக்கும் சுழல் கடனாக மாற்றுவதா என்ற பேச்சு குழுவில் சில காலமாக நடந்து வருகிறது. ஏறக்குறைய இதே கேள்வி நூற்றெழுபது ஆண்டுகளுக்கு முன் ஜெர்மனியின் ஒரு மலைப்பகுதியில் எழுந்தது. அதற்கு அங்கே உடனே விடை கிடைத்துவிடவில்லை. அந்த வரலாற்றை உங்கள் முன் வைப்பது நம் விவாதத்துக்கு உதவும் என்று நினைக்கிறேன்.

ரைன் ஆற்றுக்குக் கிழக்கே, கொலோன் நகருக்கும் ஃபிராங்ஃபர்ட்டுக்கும் இடையில் வெஸ்டர்வால்ட் என்னும் மேட்டு நிலம் இருக்கிறது. குளிர்காற்று ஓயாத, வளம் குறைந்த மண் அது. தகப்பனின் நிலத்தைப் பிள்ளைகள் எல்லோரும் சமமாகப் பிரித்துக்கொள்ளும் வழக்கத்தால் தலைமுறைக்குத் தலைமுறை காணி சிறுத்துக்கொண்டே வந்தது. 1815-க்குப் பின் இப்பகுதி, அன்றைய ஜெர்மானிய அரசுகளில் ஒன்றான பிரஷ்யாவின் ஆட்சிக்குள் வந்தது. இங்குள்ள வையர்புஷ் என்ற சிற்றூரைத் தலைமையிடமாகக் கொண்ட, இருபதுக்கும் மேற்பட்ட குக்கிராமங்கள் அடங்கிய வட்டாரத்துக்கு 1845-இல் ஃபிரீட்ரிஷ் வில்ஹெல்ம் ரைஃபைசன் மேயராக வந்தார். 1818-இல் பக்கத்திலுள்ள ஹாம் என்ற ஊரில் பிறந்த அவர் உயர்கல்வி பெற்றவர் அல்லர். கண்நோயால் படைப் பணியை விட்டுவிட்டு அரசு நிர்வாகத்துக்கு வந்தவர்.

அவர் வந்த மறு ஆண்டே விளைச்சல் பொய்த்தது. உருளைக்கிழங்கு நோயால் அழுகியது, கம்பு தானியமும் கைவிட்டது, விலை ஏறியது. 1846-47 குளிர்காலத்தில் அரசு தன் களஞ்சியத்திலிருந்து மாவு அனுப்பியது. ஆனால் அதை ரொக்கத்துக்கு மட்டுமே விற்க வேண்டும் என்ற உத்தரவும் சேர்ந்து வந்தது. காசு இல்லாததால் பட்டினி கிடப்பவனிடம் காசு கேட்கும் இத்தகைய உத்தரவுகளை எல்லா நாட்டு அலுவலகங்களும் எழுதத்தான் செய்கின்றன. ரைஃபைசன் அதை அப்படியே நிறைவேற்றவில்லை. ஊரில் வசதியுள்ளவர்களைக் கூட்டி, அவர்கள் பணத்தைக் கொண்டு ஒரு நிதியை அமைத்து, ஏழைகளுக்கு மாவைக் கடனாகக் கொடுத்தார். பின்னர் அந்தச் சங்கமே ஒரு பொது அடுமனையைக் கட்டி, வெளிச்சந்தையைவிட மிகக் குறைந்த விலைக்கு ரொட்டி சுட்டு வழங்கியது. ரொட்டிச் சங்கம் என்று பெயர் பெற்ற இந்த ஏற்பாட்டின் நினைவாக, வையர்புஷ்ஷில் அத்தகைய ஓர் அடுமனையை மறுபடியும் கட்டி வைத்திருக்கிறார்கள்.

1848-இல் அவர் ஃபிளாமர்ஸ்ஃபெல்டுக்கு மாற்றப்பட்டார். அங்கே பசியைவிட ஆழமாக வேரோடியிருந்தது கடன். மாடு வாங்க வழியில்லாத குடியானவன் வியாபாரியிடமிருந்து வார முறையில், அதாவது பங்கு பேசி, மாடு பிடிப்பான். தீனியும் உழைப்பும் இவனுடையவை, கன்றிலும் விலையிலும் பெரும்பங்கு அவனுக்குப் போகும். தவணை தவறினால் மாட்டோடு நிலமும் போகும். 1849-இல் அமைந்த ஃபிளாமர்ஸ்ஃபெல்ட் உதவிச் சங்கத்தில் வசதியுள்ள சுமார் அறுபது பேர் தங்கள் சொத்து முழுவதையும் கூட்டாகப் பிணை வைத்து வெளியில் கடன் திரட்டினார்கள். அந்தப் பணத்தில் சங்கம் மாடு வாங்கிக் கொடுத்தது, விவசாயி ஐந்து ஆண்டுகளில் தவணையாக அடைத்தால் போதும். ரைஃபைசனைப் போற்றுவோர் பெரும்பாலும் தவிர்த்துவிடும் ஒன்றையும் இங்கே சொல்ல வேண்டும். அப்பகுதியின் மாட்டு வணிகத்தில் யூதர்கள் பலர் இருந்தார்கள். ரைஃபைசனின் எழுத்துகளில் யூதர் மீதான வெறுப்பு தென்படுகிறது. அவர் அமைத்த சங்கங்களின் பயனை மதிப்பதற்காக இதை மறைக்கத் தேவையில்லை.

1852-இல் ரைன் கரையில், நொய்வீட் நகரையொட்டிய ஹெட்டஸ்டோர்ஃபுக்கு அவர் மேயரானார். 1854-இல் அங்கே தொடங்கிய அறச் சங்கம் கடன் கொடுத்ததோடு, கவனிப்பாரற்ற பிள்ளைகளைப் பேணுவது, சிறையிலிருந்து வெளிவந்தவர்களுக்கு வேலை தேடித் தருவது, நூலகம் நடத்துவது எனப் பல வேலைகளைத் தோளில் ஏற்றிக்கொண்டது. சில ஆண்டுகளில் தளர்ச்சி வந்தது. பணம் போட்டவர்களுக்குக் கடன் தேவையில்லை, கடன் வாங்கியவர்களுக்குச் சங்கத்தில் உரிமையில்லை. பொறுப்பை மட்டும் சுமந்த செல்வர்களுக்கு ஆர்வம் வடிந்து, ஒவ்வொருவராக விலகத் தலைப்பட்டார்கள். கொடையாளிகளின் நல்லெண்ணத்தில் குறை எதுவும் இல்லை. அதை மட்டுமே அச்சாணியாக வைத்து ஆண்டுக்கணக்கில் வண்டி ஓட்ட முடியாது என்பதை ரைஃபைசன் தயக்கத்தோடுதான் ஒப்புக்கொண்டார்.

1862-இல் அருகிலுள்ள அன்ஹவுசனிலும், 1864-இல் ஹெட்டஸ்டோர்ஃபிலும் புதிய அடிப்படையில் கடன் சங்கங்கள் எழுந்தன. கடன் வேண்டுபவர் முதலில் உறுப்பினராக வேண்டும், ஒருவர் கடனுக்கு எல்லோரும் வரம்பின்றிப் பொறுப்பேற்க வேண்டும். சங்கத்தின் எல்லை ஒரு தேவாலயப் பங்கை, அதாவது ஒரே தேவாலயத்தைச் சேர்ந்த மக்கள் வாழும் பகுதியை, தாண்டக் கூடாது என்ற விதிதான் எனக்கு மிக நுட்பமானதாகத் தோன்றுகிறது. யார் உழைப்பாளி, யார் குடிகாரர், யார் வீட்டு மாடு சினையாக இருக்கிறது என்று ஒருவரையொருவர் அறிந்த இடத்தில் அடமானப் பத்திரத்துக்கு வேலை குறைவு. நிர்வாகிகள் ஊதியமின்றி உழைத்தார்கள், கணக்கருக்கு மட்டும் சிறு சம்பளம் உண்டு. இலாபம் பங்காகப் பிரிக்கப்படாமல், யாராலும் பிரித்தெடுக்க முடியாத சேமநிதியில் சேர்ந்தது. உறுப்பினர்கள் போடும் பங்கு முதல் இல்லாத சங்கம் நிலைக்காது என்று நகரக் கூட்டுறவுகளின் தலைவரான ஷுல்ஸ-டெலிச் கடுமையாக வாதிட்டார். கிராமங்கள் அந்த வாதத்துக்குக் காத்திருக்கவில்லை. பார்வை மங்கிய ரைஃபைசன் தம் மகள் அமாலியாவின் துணையோடு எழுதியும் பயணம் செய்தும் இயக்கத்தை வளர்த்து, 1888-இல் நொய்வீடில் காலமானார்.

நமக்கும் இதற்கும் உள்ள தொடர்பு ஒப்புமை அளவில் நிற்பதன்று. சென்னை மாகாண அரசு 1892-இல் ஃபிரெடரிக் நிக்கல்சன் என்ற அதிகாரியை ஐரோப்பிய விவசாய வங்கிகளை ஆராய அமர்த்தியது. அவருடைய அறிக்கை 1895-இலும் 1897-இலும் இரு தொகுதிகளாக வெளிவந்தது. நம் ஊர்களுக்கும் ஒரு ரைஃபைசன் வேண்டும் என்பதே அதன் சாரம். 1904-இல் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் வந்தது, இன்றைய திருவள்ளூர் மாவட்டத்துத் திரூரில் அதே ஆண்டு கடன் சங்கம் தொடங்கியது. நாம் சிறுவயதில் உரமும் நகைக்கடனும் வாங்கப் பெரியவர்களோடு போய் நின்ற கூட்டுறவுச் சங்கம் இந்த வழியில் வந்ததுதான். வேறுபாடு ஒன்று உண்டு. அங்கே சங்கம் முளைத்த பிறகு சட்டம் வந்தது, இங்கே சட்டமும் பதிவாளரும் முதலில் வந்து பிறகு உறுப்பினர்களைத் தேடினார்கள். நம் சங்கங்களில் பல, அரசு அலுவலகம் போலவே தோன்றுவதற்கு இதுவும் ஒரு காரணம் என்பது என் கருத்து.

இன்று வையர்புஷ்ஷும் ஃபிளாமர்ஸ்ஃபெல்டும் ரைன்லாந்து-பலாட்டினேட் மாநிலத்தில், ஆயிரத்துச் சொச்சம் பேர் வாழும் அமைதியான ஊர்கள். ஊர்த் தலைவர் பதவி சம்பள வேலையன்று, பொதுத்தொண்டு. தீயணைப்புப் படையும் தன்னார்வலர்களுடையதே. ரைஃபைசன் குடியிருந்த மரச்சட்டக வீடு ஃபிளாமர்ஸ்ஃபெல்டில் அருங்காட்சியகமாக இருக்கிறது. கூட்டுறவு எண்ணத்தை யுனெஸ்கோ 2016-இல் மானுடத்தின் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது. ஆனால் அவர் பெயர் தாங்கிய வங்கிகள் ஒன்றோடொன்று இணைந்து பெருத்து, சிற்றூர்க் கிளைகளை மூடி வருகின்றன.

நம் நிதி இப்போது 1854-ஆம் ஆண்டு ஹெட்டஸ்டோர்ஃபின் நிலையில் இருப்பதாக எனக்குப் படுகிறது. கொடுப்பவர்கள் துபாயிலும் சிங்கப்பூரிலும் ஜெர்மனியிலும் இருக்கிறோம், பெறுபவர்கள் ஊரில் இருக்கிறார்கள், யாருக்குக் கொடுப்பது என்ற முடிவில் அவர்களுக்கு இடமில்லை. ஆண்டுச் சந்தா கட்டி, அண்டை வீட்டார் கடனுக்குப் பொறுப்பேற்கவும் எந்தெந்தத் தெருக்களில் எத்தனை குடும்பங்கள் முன்வரும் என்று ஊரிலுள்ள செயற்குழுவினர் விசாரித்து எழுதினால், சுழல் கடன் பற்றிய தீர்மானத்தை அதை வைத்துப் பொதுக்குழுவில் எடுக்கலாம்.