அப்பாவின் ஜீன்ஸில் யாழினிக்குப் பாவாடை

அம்மா: மீனா, மாப்பிள்ளையின் பழைய ஜீன்ஸ் நாலு இங்கே அலமாரியில் கிடக்கிறது. பாத்திரக்காரம்மா தெருவுக்கு வந்திருக்கிறாள், போட்டுவிட்டு ஒரு சம்படம் வாங்கிக்கொள்ளட்டுமா?

சித்தி: அக்கா, கொடுத்துவிடாதே! முழங்கால் நைந்திருந்தாலும் அதற்குக் கீழே துணி நன்றாகத்தான் இருக்கும். யாழினிக்குப் பாவாடை தைக்கலாம்.

அம்மா: ஜீன்ஸிலா? ஊசி உடையும் என்று தெருமுனை டெய்லரே தொடமாட்டேன் என்கிறார்.

சித்தி: மெல்லிய ஊசி என்றால் உடையத்தான் செய்யும். 16-ஆம் நம்பர் மாட்ட வேண்டும், நாலைந்து மடிப்பு சேரும் இடத்துக்கு 18. வீட்டில் இருக்கும் கால் மெஷினே போதும்.

மீனா: சித்தி, எனக்கு நிஜமாகவே ஆசை. ஆனால் எங்கிருந்து வெட்ட ஆரம்பிப்பது?

சித்தி: முதலில் வெட்டாதே, துவை. தனியாகத் துவைத்துக் காயவைத்து, ஈரமான வெள்ளைத் துணியால் நன்றாகத் தேய்த்துப் பார். நீலம் ஒட்டினால் இன்னொரு முறை துவை. இண்டிகோ சாயம் நூலின் மேல்பக்கம்தான் பிடிக்கும், உள்ளே நூல் வெள்ளையாகவே இருக்கும், அதனால்தான் முழங்கால் வெளுக்கிறது, அதனால்தான் வெள்ளைச் சட்டையிலும் ஒட்டுகிறது.

அப்புறம் கால் இரண்டையும் முழங்காலுக்குக் கீழே வெட்டு. பெரும்பாலான ஜீன்ஸில் ஒரு பக்கத் தையல் மடித்து மடித்து இரண்டு வரி போட்டிருக்கும், மற்றப் பக்கம் ஓரம் பிசிராமல் நூல் சுற்றி ஓவர்லாக் அடித்த சாதாத் தையல். சாதாப் பக்கத்தை மட்டும் பிரி. இரட்டைத் தையலை விட்டுவிடு, அதைப் பிரிக்க உயிர் போகும், அதோடு பாவாடையின் நடுவில் அந்த வரி அத்தனை அழகாக இருக்கும்.

மீனா: சரி. பிரித்தால் இரண்டு அகலத் துண்டு கிடைக்கும்.

சித்தி: ஆமாம். இப்போது அதைத் தலைகீழாகத் திருப்பு. கணுக்கால் பக்கம் குறுகல், அது இடுப்புக்கு. முழங்கால் பக்கம் அகலம், அது கீழே. தனியாக விரிவு வெட்டவே வேண்டாம், துணியே கொடுத்துவிடும். பிள்ளைக்கு இடுப்புக்குக் கீழே சுற்றளவு என்ன?

மீனா: 26 அங்குலம்.

சித்தி: தாராளம். கணுக்கால் பக்கம் ஒரு கால் 16 அங்குலம் இருந்தால் தையலுக்கு விட்டது போக இரண்டும் சேர்ந்து 30 வரும். அளந்து பார்த்துக்கொள். இடுப்பில் எலாஸ்டிக் போடு, ஆனால் ஜீன்ஸையே மடித்து அதற்குள் விடாதே, வயிற்றில் கட்டையாக அழுத்தும். மெல்லிய பருத்தித் துணியில் பட்டை தைத்து மேலே சேர்த்துவிடு.

அத்தை: சென்னை வெயிலில் குழந்தைக்கு இது வேகாதா?

சித்தி: நல்ல கேள்வி அண்ணி. ஜீன்ஸ் துணியான டெனிமைச் சதுர கஜத்துக்கு எத்தனை அவுன்ஸ் என்று எடை சொல்வார்கள். 14 அவுன்ஸ் துணி தார்ப்பாய் போல இருக்கும், அதைத் தொடவே வேண்டாம். 8, 9 அவுன்ஸ் பாவாடைக்குச் சுகம். தராசு வேண்டாம், கையில் கசக்கினால் தெரிந்துவிடும். நாலில் மெல்லியதை எடு மீனா.

மீனா: ஒன்று இழுத்தால் நீள்கிறது சித்தி.

சித்தி: அதில் எலாஸ்டேன் என்ற நீளும் இழை கலந்திருக்கும், லேபிளில் பார். அதையும் நீளாத துணியையும் சேர்த்துத் தைத்தால் தையல் அலை அலையாக வரும். அதைத் தனியாக வை.

செந்தில் அண்ணன்: ஜீன்ஸ் விற்கும் லீவைஸ் நிறுவனமே 2015-இல் ஒரு கணக்கு வெளியிட்டது. ஒரு ஜீன்ஸுக்குப் பருத்தி விளைவதில் தொடங்கி, நாம் துவைத்து உடுத்தித் தூக்கிப் போடும்வரை ஏறக்குறைய 3,780 லிட்டர் தண்ணீர். பாதிக்கு மேல் பருத்தி வயலுக்கே போகிறது. அதைப் படித்ததிலிருந்து எனக்குப் புதிது வாங்க மனசே வரவில்லை.

அம்மா: அடேயப்பா. சரி, பாத்திரக்காரம்மாவைப் போகச் சொல்லிவிட்டேன்.

மீனா: சித்தி, அந்தத் தடித்த இரட்டைத் தையல்மேல் மெஷின் ஏறுமா?

சித்தி: தைப்பதற்கு முன் அந்த மேட்டின்மேல் துணி போட்டுச் சுத்தியலால் நாலு தட்டுத் தட்டு, படிந்துவிடும். மேட்டுக்கு முன்னால் நிறுத்தி, துணியை அழுத்திப் பிடிக்கும் மெஷின் காலுக்குப் பின்பக்கம் அதே தடிமனுக்கு ஒரு ஜீன்ஸ் துண்டை மடித்துச் செருகு. கால் சமமாக நிற்கும், ஊசி சாயாது. அந்த இடத்தில் சக்கரத்தைக் கையால் சுற்று. தையலைக் கொஞ்சம் நீளமாக வை, 3 மில்லிமீட்டருக்குக் குறையாமல். மேலே தடித்த மஞ்சள் நூல் வேண்டுமானால் போடு, கீழ்நூல் சுற்றும் பாபினில் சாதா நூலே இருக்கட்டும்.

மீனா: ஓவர்லாக் இல்லையே, பிசிர் வருமே?

சித்தி: அம்மாவின் பழைய பருத்திச் சேலையில் கீற்று வெட்டி ஓரத்தை மூடித் தைத்துவிடு. குழந்தைக்கு உறுத்தாது.

செந்தில் அண்ணன்: மீனா, மேல்பாதியைத் தூக்கிப் போடாதே, எனக்குக் கொடு. நம் கவினுக்கு அரை டிரவுசராகுமா சித்தி?

சித்தி: இடுப்பைப் பக்கவாட்டில் பிடித்தால் ஆகும். பாக்கெட் ஓரத்துப் பித்தளைக் குமிழ்மேல் மட்டும் ஊசியை ஓட்டாதே. தையல் கிழியக்கூடாது என்று 1873-இல் காப்புரிமை வாங்கி வைத்த சமாசாரம் அது, ஊசிதான் உடையும். மீனா, இரண்டு காலையும் பிரித்துப் போட்டுப் படம் அனுப்பு, பார்த்துவிட்டு எவ்வளவு விட வேண்டும் என்று சொல்கிறேன்.

மீனா: சனிக்கிழமை அனுப்புகிறேன் சித்தி. 16, 18 இரண்டு ஊசியும் வாங்கிவிடுகிறேன்.