எக்சார்சிஸ்ட் பாதிரியார் மேக்ஸ் வான் சிடோ: 1973-லேயே கிழவர் என்றால் 2016-ல் எப்படி நடித்தார்?

சினிமாப்பித்தன்:
'எக்சார்சிஸ்ட்' (1973) படத்தில் வரும் மூத்த பாதிரியார் மெரின் எப்படிப் பார்த்தாலும் எழுபதைத் தாண்டியவர். அதே ஸ்வீடிஷ் நடிகர் 2016-ல் 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' ஆறாவது சீசனில் மூன்று கண் காக்கையாக வருகிறார். கணக்கு உதைக்கிறதே? அவர் படங்களை எதிலிருந்து பார்க்க ஆரம்பிக்கலாம் என்றும் சொல்லுங்கள்.

அரிதாரம்:
கணக்கு சரிதான், முகம்தான் பொய். பிறந்தது 1929 ஏப்ரல் 10, லுண்ட் நகரில். 1972 ஆகஸ்டில் படப்பிடிப்பு தொடங்கியபோது வயது 43.

மேக்கப் டிக் ஸ்மித். தோலை விரலால் இழுத்துப் பிடித்துக்கொண்டு திரவ லேடெக்ஸை (ரப்பர் பால்) மெல்லிசாக ஒற்றுவார்கள். இழுத்தபடியே காயவிட்டு, பவுடர் போட்டுவிட்டுக் கையை எடுத்தால் தோல் பழைய நிலைக்குத் திரும்பும். மேலே காய்ந்த படலம் அதோடு சேர்ந்து வரிவரியாக மடியும். நெற்றி, கண்ணோரம், கழுத்து என்று தினமும் சுமார் 3 மணி நேரம். காயும்முன் விட்டால் சுருக்கம் விழாது; பவுடரை மறந்தால் மடிப்புகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். படலம் மெல்லிசு என்பதால்தான் முகபாவம் அமுங்கவில்லை.

இந்த முறைக்கு வியர்வை ஆகாது. அடியில் ஈரம் சேர்ந்தால் ஓரம் கிளம்பிவிடும். ஆனால் தொடக்கக் காட்சிகளை எடுத்ததோ ஈராக்கில்! வெயில் 50 டிகிரியைத் தாண்டியதால் அதிகாலையிலும் மாலையிலும்தான் கேமரா ஓடியது.

வடதிசை:
லேடெக்ஸுக்கே முழு மார்க்கும் போட்டுவிடாதீர்கள். ஈராக் டீக்கடையில் மாத்திரையை எடுக்கும் கையைப் பாருங்கள். அந்த நடுக்கத்தை எந்த மேக்கப்மேனும் ஒட்ட முடியாது; அது நாடக மேடையில் படிந்த பயிற்சி. 1948 முதல் 1951 வரை ஸ்டாக்ஹோமின் டிராமாட்டன் நாடகப் பள்ளி. 1955-ல் மால்மோ நகர நாடக அரங்கம். அங்கே இங்மார் பெர்க்மன் இயக்குநர். குளிர்காலத்தில் நாடகம், கோடையில் அதே குழுவோடு சினிமா. மொத்தம் 11 பெர்க்மன் படங்கள்.

எல்லோரும் 'செவன்த் சீல்' (1957) படத்திலிருந்து தொடங்கச் சொல்வார்கள். என் ஓட்டு 'வர்ஜின் ஸ்ப்ரிங்' (1960). மகளைப் பறிகொடுத்த தகப்பன், பழிவாங்கப் போகும்முன் தனியாக நிற்கும் ஒரு இளம் பிர்ச் மரத்தை வெறும் உடம்பு பலத்தால் சாய்க்கும் காட்சி ஒன்று போதும், வசனமே கிடையாது. அடுத்து 'பெல்லே தி காங்கரர்' (1987): டென்மார்க் பண்ணையில் கூலிவேலைக்குப் போகும் ஸ்வீடன் கிழவர். சிறந்த நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது.

சினிமாப்பித்தன்:
நன்றி. 'தி எமிக்ரன்ட்ஸ்' படமும் நல்லது என்கிறார்களே?

அரிதாரம்:
கட்டாயம் பாருங்கள், ஆனால் ஓடும் நேரத்தைச் சரிபார்த்துவிட்டு. யான் ட்ரோயெல் இயக்கிய மூலப் பதிப்பு 191 நிமிடம். அமெரிக்க வெளியீட்டில் சுமார் 40 நிமிடம் வெட்டிவிட்டார்கள். இரண்டரை மணி நேரத்தில் முடிந்தால் நீங்கள் பார்ப்பது வெட்டுப்பட்ட பிரதி. தொடர்ச்சியான 'தி நியூ லேண்ட்' (1972) 202 நிமிடம். இரண்டையும் ஒரே நாளில் உட்கார்ந்து பார்க்க வேண்டாம், இடையில் ஒரு நாள் விடுங்கள்.