அத்திரிபாச்சா கதையைப் படமாக்கியபோது

நண்பர்கள் பலர் ஓவியப் பாணியைப் பற்றியும் வண்ணங்களைப் பற்றியும் எழுதிவிட்டதால், எங்கள் அனிமேஷன் குறும்படத்துக்குக் கதை சொன்ன பாட்டியைப் பற்றி எழுதுகிறேன். சிங்கப்பூரின் தோ பாயோ வட்டாரத்தில் வசிக்கும் அவரிடம் நாங்கள் கேட்கப் போனது அத்திரிபாச்சா கொழுக்கட்டைக் கதை. மாமியார் வீட்டில் கொழுக்கட்டை தின்றவன் அதன் பெயரைச் சொல்லிக்கொண்டே ஊர் திரும்புகிறான். வாய்க்காலைத் தாண்டும்போது 'அத்திரிபாச்சா' என்று கத்தியதில் பெயர் மறந்துபோக, அத்திரிபாச்சா செய்து தரும்படி மனைவியிடம் அடம்பிடித்து, தெரியாது என்றவளை அடித்தும் விடுகிறான். 'கன்னம் கொழுக்கட்டை மாதிரி வீங்கிவிட்டதே' என்று பக்கத்து வீட்டுக்காரி பதறும்போதுதான் பெயர் நினைவுக்கு வருகிறது. மறந்துபோன சொல்லைப் பற்றிய இத்தகைய கதைகள் பல நாடுகளில் வழங்குவதால், நாட்டுப்புறக் கதைகளை வகைபிரித்து எண்ணிடும் ஆர்னே, தாம்சன், ஊத்தர் வகைப்பாட்டில் இவற்றுக்கு 1687 என்ற தனி எண்ணே இருக்கிறது.

சிறுவர் படத்தில் மனைவியை அடிப்பதை வேடிக்கையாகக் காட்ட எங்களில் எவருக்கும் மனமில்லை. அந்தக் காட்சியையே வெட்டிவிடலாம் என்று குழுவின் இளையர்கள் சொன்னபோது பாட்டி கேட்டார்: "வீங்காம எப்படிப்பா அவனுக்குக் கொழுக்கட்டை ஞாபகம் வரும்?" கதைக்கு அச்சாணி அந்த வீக்கம்தான். ஆகவே, மனைவி அத்திரிபாச்சாவை ஒளித்து வைத்திருக்கிறாள் என்று நினைத்துக் கணவனே பரணைக் குடைவதாகவும், உருண்டு விழும் பித்தளைச் செம்பு அவன் நெற்றியைப் பதம் பார்ப்பதாகவும், மஞ்சள் பற்றுப் போடும் மனைவியின் வாயிலிருந்தே அந்தப் பெயர் வருவதாகவும் மாற்றினோம். அடி வாங்கி அழ மட்டுமே செய்தவள் இப்போது சிக்கலை அவிழ்க்கிறாள்; கதை இதனால் வளர்ந்திருக்கிறது என்றே உறுதியாக நம்புகிறேன்.

பாட்டியின் குரலைப் பதிவுசெய்த பிறகே வரையத் தொடங்கினோம். திரையில் வினாடிக்கு 24 சட்டகங்கள் (frames), இரண்டு சட்டகங்களுக்கு ஓர் ஓவியம் என்றால் ஒரு வினாடி நடைக்கு 12 ஓவியங்கள். அவர் சொன்ன வேகத்தில் 'கொழுக்' என்பதற்கு ஒரு காலடி, 'கட்டை' என்பதற்கு மறு காலடி எனச் சொல் கச்சிதமாக ஒரு வினாடிக்குள் அமைந்தது. 'அத்திரிபாச்சா' அதில் அடங்காததால், 'பாச்சா'வுக்கு ஒரு துள்ளலைச் சேர்த்தோம். வாய்க்காலைத் தாண்டியவன் வீடுவரை துள்ளிக்கொண்டே போகிறான். கதையைச் சிங்கப்பூர் அடுக்குமாடி வட்டாரத்துக்குக் கொண்டுவரும் யோசனையும் இருந்தது. ஆனால் இங்கே கால்வாய்களுக்குப் பெரும்பாலும் மூடியோ கம்பித் தடுப்போ இருக்கிறது, அவன் எதைத் தாண்டுவான்?

படத்தைப் பார்த்த பாட்டி பித்தளைச் செம்பை ஏற்றுக்கொண்டார். மனைவி பூரணம் வைத்து மூடும் இடத்தில்தான் விரல்கள் சரியில்லை என்றார். மாவைக் கிண்ணமாகக் குழித்து, விளிம்பைக் கட்டைவிரலால் அழுத்திக் கூட்டுவதைச் செய்தே காட்டினார். அந்தக் காட்சியை இப்போது மறுபடி வரைந்துகொண்டிருக்கிறோம்.